பதினான்கு நாள் பின்னோக்கி: தொற்றுநோய் வந்தால் ‘தொடர்பு தேடுவது’ எப்படி?

2018 மே 17. கோழிக்கோட்டில் உள்ள பேபி மெமோரியல் மருத்துவமனைக்கு ஓர் இளைஞரைக் கொண்டுவருகிறார்கள். கடுமையான காய்ச்சல், நினைவும் தடுமாறுகிறது. பார்த்தால் மூளைக்காய்ச்சல் மாதிரி இருக்கிறது. கேரளத்தில் மூளைக்காய்ச்சல் ஒன்றும் புதிதில்லை. வழக்கமான மருந்தைக் கொடுத்து வார்டில் சேர்த்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

டாக்டர் அனூப் குமாரும் அவருடன் இருந்தவர்களும் வீட்டாரிடம் பேச்சுக் கொடுத்தார்கள். இதே காய்ச்சலில் இவருடைய உடன்பிறந்தவர் மே 5 அன்று இறந்துபோயிருக்கிறார். அப்பாவுக்கும் அத்தைக்கும் உடம்பு சரியில்லை. அங்கேதான் மருத்துவர்களுக்குப் பொறி தட்டியது. நமக்குப் பழக்கமான ஜப்பானிய மூளைக்காய்ச்சல் கொசுக்கடியில் வருவது. ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குத் தாவாது. அப்படியிருக்க ஒரே வீட்டில் இத்தனை பேர் அடுத்தடுத்துப் படுப்பானேன்?

மாதிரிகள் மணிப்பாலுக்குப் போயின. அங்கே டாக்டர் அருண்குமாரின் ஆய்வகம் நிபா வைரஸ் என்று கண்டுபிடித்தது, புனேயின் தேசிய வைராலஜி நிறுவனம் அதை உறுதி செய்தது. மே 20 அன்று செய்தி ஊருக்குத் தெரிந்தது. அதற்கு முன் இந்தியாவில் நிபா தலைகாட்டியது மேற்கு வங்கத்தில்தான்: 2001-ல் சிலிகுரியில், 2007-ல் நதியா மாவட்டத்தில். தென்னிந்தியாவுக்கு அது முதல் முறை.

இப்போது அதிகாரிகளின் இடத்தில் நம்மை வைத்துப் பார்ப்போம். தடுப்பூசி கிடையாது. நோயைக் குணப்படுத்தும் என்று நிரூபிக்கப்பட்ட மருந்தும் கிடையாது. வந்தவர்களில் பெரும்பாலோர் இறக்கிறார்கள். கையில் இருப்பது பேனா, நோட்டு, போன், வீடு வீடாகப் போய்வர ஆட்கள், அவ்வளவுதான். இவற்றை வைத்துக்கொண்டு ஒரு கொள்ளைநோயை நிறுத்த முடியுமா? கோழிக்கோட்டில் முடிந்தது. அதற்குக் கையாண்ட முறைக்குப் பெயர் காண்டாக்ட் டிரேசிங். தொடர்புத் தடமறிதல் என்று எழுதுகிறார்கள். நான் இங்கே ‘தொடர்பு தேடுதல்’ என்றே சொல்லிக்கொண்டு போகிறேன்.

கொரோனா காலத்தில் இந்தச் சொல் எல்லோர் காதிலும் விழுந்தது. ஆனால் அது உண்மையில் எப்படி வேலை செய்கிறது என்று கேட்டால், ‘நோயாளியோடு இருந்தவங்களை எல்லாம் பிடிச்சு அடைச்சு வைக்கிறது’ என்ற அளவில்தான் பலரும் புரிந்துவைத்திருக்கிறோம். பிடிப்பதும் அடைப்பதும் அதில் கடைசிப் பகுதி. அதற்கு முன்னால் ஒரு நாள்காட்டிக் கணக்கு இருக்கிறது. எனக்குப் பிடித்த பகுதியே அதுதான்.

நாள்காட்டிக் கணக்கு

கிருமி உடம்புக்குள் நுழைந்த உடனே காய்ச்சல் வந்துவிடாது. உள்ளே பெருக அதற்கு அவகாசம் வேண்டும். நுழைந்த நாளுக்கும் முதல் அறிகுறி தெரியும் நாளுக்கும் நடுவில் உள்ள இடைவெளியை நோயரும்பு காலம் என்கிறார்கள். கோழி முட்டையை அடைகாப்பது போல என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கிருமிக்கும் ஒரு கணக்கு. நிபாவுக்குப் பொதுவாக 4 முதல் 14 நாள்.

இதை வைத்துக்கொண்டு முன்னும் பின்னும் எண்ணலாம். ஒருவருக்கு இன்று காய்ச்சல் தொடங்குகிறது என்றால், 4 நாளுக்கு முன்பிருந்து 14 நாளுக்கு முன்புவரை உள்ள ஏதோ ஒரு நாளில் கிருமி அவருக்குள் நுழைந்திருக்க வேண்டும். அந்த நாட்களில் அவர் எங்கே இருந்தார், யாரோடு இருந்தார் என்று பார்த்தால் கிருமி வந்த வழி தெரியும். இது பின்னோக்கிய தேடல். இனி முன்னோக்கி. காய்ச்சல் தொடங்கிய பிறகு அவர் யாரோடெல்லாம் நெருங்கிப் பழகினார்? அவர்களில் யாருக்காவது கிருமி போயிருந்தால், அவர்கள் இன்னும் சில நாளில் படுப்பார்கள். படுப்பதற்கு முன்பே அவர்கள் கதவைத் தட்டிவிட வேண்டும். வேலை முழுக்க இந்த ஓட்டப்பந்தயம்தான்.

கோழிக்கோட்டில் இந்தக் கணக்கு எப்படிப் பொருந்தியது என்று பாருங்கள். முதல் நோயாளி, அதாவது மே 17 அன்று வந்த இளைஞரின் உடன்பிறந்தவர், பேராம்பிரை பக்கத்துச் சங்கரோத்து பஞ்சாயத்தைச் சேர்ந்தவர். உள்ளூர் தாலுகா மருத்துவமனையில் இருந்தார், அங்கிருந்து கோழிக்கோடு அரசு மருத்துவக் கல்லூரிக்குக் கொண்டுபோனார்கள். மே 5 அன்று இறந்தார். என்ன நோய் என்று அப்போது யாருக்கும் தெரியாது, அதனால் அவரிடமிருந்து மாதிரி எடுத்துச் சோதிக்கவும் இல்லை. சாதாரணமாக ஒரு நோயாளியைப் பார்த்துக்கொள்வது போலப் பார்த்துக்கொண்டார்கள். இருமினார், வாந்தி எடுத்தார், ஸ்கேன் எடுக்க ஸ்ட்ரெச்சரில் தள்ளிக்கொண்டு போனார்கள். நம் அரசு மருத்துவமனைகளின் நடைவழி எப்படி இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. பெஞ்சில் காத்திருப்பவர்கள், துணைக்கு வந்தவர்கள், சாப்பாடு கொண்டுவந்தவர்கள் என்று கால் வைக்க இடமிருக்காது.

பத்துப் பன்னிரண்டு நாள் கழித்து, மே நடுவில், அடுத்தடுத்துப் பலர் படுத்தார்கள். வெவ்வேறு ஊர், வெவ்வேறு குடும்பம், சிலர் பக்கத்து மலப்புரம் மாவட்டம். இவர்களுக்குள் என்ன சம்பந்தம்? ஒவ்வொருவரிடமும் ‘மே முதல் வாரம் எங்கே இருந்தீர்கள்’ என்று கேட்டுக்கொண்டே போனால் பதில்கள் திரும்பத் திரும்ப அதே மருத்துவமனைகளைத்தான் சுட்டின. சிலர் வேறு யாரையோ பார்க்க வந்தவர்கள். அந்த முதல் நோயாளியின் பெயரைக்கூடக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள்.

மே 20 அன்று நிபா என்று ஊருக்குச் சொன்னபோது, முதல் நோயாளியிடமிருந்து தொற்றிய இந்த இரண்டாம் தலைமுறை ஏற்கெனவே காய்ச்சலில் கிடந்தது. அவர்களுக்குத் தொற்றாமல் தடுத்திருக்கலாமே என்று பேசிப் பயனில்லை, அந்த ரயில் போய்விட்டது. நிறுத்த முடிந்தது மூன்றாம் தலைமுறையை மட்டும்தான். பட்டியலில் ஏறிய இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட பெயர்கள் அதற்காகத்தான்.

யார் பட்டியலில், யார் வெளியே

இரண்டாயிரம் பேரையும் ஒரே மாதிரி கவனிக்க ஆள் போதாது. அதனால் தரம் பிரித்தார்கள். நோயாளியைத் தொட்டுத் துடைத்துக் கவனித்தவர், அவருடைய எச்சில், சளி, வாந்தி, ரத்தம் மேலே பட்டவர், அவரோடு ஒரே அறையில் நெடுநேரம் இருந்தவர் என்றால் அதிக ஆபத்து. அதே கட்டடத்துக்கு வந்துபோனவர், உடையையோ படுக்கையையோ லேசாகத் தொட்டவர் என்றால் குறைந்த ஆபத்து. முன்னவர்களை வீட்டில் தனியாக இருக்கச் சொல்லித் தினமும் விசாரிப்பார்கள். பின்னவர்களிடம், காய்ச்சல் வந்தால் உடனே கூப்பிடுங்கள் என்று சொல்லி வைப்பார்கள். கேரளத்தில் இப்படி 21 நாள் கவனித்தார்கள். 14 என்று சொல்லிவிட்டு ஏன் 21? சிலருக்குக் கிருமி கொஞ்சம் நிதானமாக அரும்பும். அந்தச் சிலரைத் தவறவிட்டால் பட்ட பாடெல்லாம் வீண்.

ஒரு குழப்பத்தை இங்கேயே தீர்த்துக்கொள்வோம். பட்டியலில் பெயர் வந்தால் நோய் வந்துவிட்டது என்று பொருளில்லை. பட்டியலில் உள்ளவர்களில் மிகப் பெரும்பாலோருக்கு எதுவும் ஆகாது. 2019-ல் எர்ணாகுளத்தில் ஒரு மாணவருக்கு நிபா வந்தபோது முந்நூறுக்கும் மேற்பட்டோரைக் கவனித்தார்கள், ஒருவருக்கும் தொற்றவில்லை, மாணவரும் பிழைத்துக்கொண்டார். அப்படியானால் அத்தனை பேரையும் கவனித்தது வீணா என்று கேட்கலாம். அந்த முந்நூறில் தொற்றப்போவது யாருக்கு என்று முன்கூட்டியே தெரிந்தால் ஒருவரை மட்டும் கவனித்தால் போதும். தெரியாதே.

நிபா விஷயத்தில் ஒரு ஆறுதல் உண்டு. அது காட்டுத்தீ போலப் பரவும் வகை இல்லை. வங்கதேசத்தில் பல வருடங்களாகக் கிடைத்த தகவல்களைத் தொகுத்துப் பார்த்ததில், சராசரியாக மூன்று நோயாளிகள் சேர்ந்து ஒருவருக்குத்தான் நோயைக் கொடுத்திருந்தார்கள். பெரும்பாலான நோயாளிகள் யாருக்குமே கொடுக்கவில்லை. ஒரு சிலர்தான் பலருக்குக் கொடுத்தார்கள், அதுவும் மூச்சுத்திணறலும் இருமலும் முற்றிய நிலையில். தட்டம்மையோடு ஒப்பிடுங்கள். தடுப்பூசி போடாத ஊரில் ஒரு தட்டம்மை நோயாளி பன்னிரண்டிலிருந்து பதினெட்டுப் பேருக்குக் கொடுத்துவிடுவார். நிபாவின் சங்கிலி தானாகவே அறுந்துபோகக்கூடியது. கொஞ்சம் கை கொடுத்தால் சீக்கிரம் அறும்.

ஊர் பயந்தபோது

கணக்கு சுலபமாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தக் கணக்குக்கு வேண்டிய எண்களை எல்லாம் மனிதர்கள் வாய் திறந்து சொல்ல வேண்டும். பயந்தவர் சொல்ல மாட்டார்.

பேராம்பிரையில் பயம் எப்படி வந்தது என்பது அப்போதே செய்திகளில் வந்தது. மருத்துவமனைக்கு நோயாளிகள் வருவதை நிறுத்தினார்கள். செவிலியர்கள் பேருந்தில் ஏறினால் மற்றவர்கள் விலகினார்கள், ஆட்டோக்காரர்கள் ஏற்ற மறுத்தார்கள். நோய் வந்த வீட்டைச் சுற்றியிருந்த குடும்பங்கள் பல வீட்டைப் பூட்டிக்கொண்டு உறவினர் ஊருக்குக் கிளம்பின. அது ரமலான் மாதம். பெருநாளுக்கு முந்தைய வாரங்களில் கோழிக்கோட்டு மிட்டாய்த் தெருவில் தோளோடு தோள் உரசாமல் நடக்க முடியாது. அந்த வருடம் கூட்டம் வற்றிவிட்டது. ஜூன் 1 அன்று திறக்க வேண்டிய பள்ளிகள் மாவட்டத்தில் ஜூன் 12 வரை தள்ளிப்போயின. வௌவால் கடித்த பழம் என்ற பேச்சு கிளம்பியதும் பழக்கடைகள் படுத்தன, வளைகுடா நாடுகள் சில கேரளக் காய்கனிகளுக்குத் தடை போட்டன. கோழிக்கறியால் பரவுகிறது என்று வாட்ஸ்அப்பில் ஒரு புரளி வேறு. கோழிக்கும் நிபாவுக்கும் என்ன சம்பந்தமோ, கோழிக்கோடு என்ற பெயரைத் தவிர!

பேராம்பிரை தாலுகா மருத்துவமனையில் முதல் நோயாளியைக் கவனித்தவர்களில் ஒருவர் செவிலியர் லினி. மே 21 அன்று இறந்தார். பஹ்ரைனில் வேலையில் இருந்த கணவருக்கு அவர் எழுதிவைத்த சில வரிகள் பிறகு கேரளம் முழுக்கப் பரவின. இனி பார்க்க முடியும் என்று தோன்றவில்லை, பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று. இரண்டு சின்னப் பையன்கள். உடலைக்கூட வீட்டுக்குக் கொண்டுவர முடியவில்லை, உடனே எரியூட்டினார்கள்.

அதை ஏன் அப்படிச் செய்ய வேண்டும்? நோயாளி இறந்த பிறகும் உடலில் கிருமி இருக்கும். குளிப்பாட்டுவது, முகத்தைத் தடவி அழுவது, கடைசியாக ஒரு முத்தம் என்று நாம் அன்பால் செய்வதெல்லாம் கிருமிக்குப் பாலம். கோழிக்கோட்டில் மத வழக்கத்தை அடியோடு மறுக்காமல், சமயப் பெரியவர்களிடம் பேசி, இஸ்லாமியரின் உடல்களை வழக்கத்தைவிட ஆழமான குழியில் பாதுகாப்பாக அடக்கம் செய்ய வழி கண்டார்கள். இறுதிச் சடங்கில் மரியாதை குறைந்தது என்று ஒரு குடும்பம் நினைத்தால், அடுத்த முறை காய்ச்சல் வந்தவரை ஒளித்து வைப்பார்கள். மேற்கு ஆப்பிரிக்காவில் 2014-ல் எபோலா பரவியபோது சடலங்களை அவசர அவசரமாகத் தூக்கிப்போய், இதைக் கற்றுக்கொள்வதற்கு மிகப் பெரிய விலை கொடுத்தார்கள்.

ஒளிப்பது பற்றி எனக்கும் கொஞ்சம் தெரியும். 2020-ல் எங்கள் தெருவில் ஒரு வீட்டில் ஒருவருக்குக் கொரோனா வந்ததும் ஆட்கள் வந்து வாசலை மறித்துத் தகரம் அடித்தார்கள். உள்ளே ஒரு பாட்டியும் இருந்தார். தெருவே நின்று வேடிக்கை பார்த்தது. அடுத்த வாரம் மூன்று வீடுகளில் இருமல் சத்தம் கேட்டது, ஒருவரும் பரிசோதனைக்குப் போகவில்லை. எங்கள் வீட்டிலும்தான், ‘சும்மா சளி, ஐஸ் தண்ணி குடிச்சது’ என்று ஒரு பதில் தயாராக இருந்தது. அந்தத் தகரம் எத்தனை பெயர்களைப் பட்டியலில் வராமல் அடித்ததோ.

பட்டியலில் உள்ளவரை வீட்டிலேயே இரு என்றால், அவர் வீட்டு உலை எப்படிக் கொதிக்கும் என்பதும் அதே நாளில் தீர்க்கப்பட வேண்டிய கேள்வி. தினக்கூலிக்காரர் 21 நாள் உட்கார முடியாது. கோழிக்கோட்டில் கண்காணிப்பில் இருந்த குடும்பங்களுக்கு அரிசி, மளிகை கொண்டுபோய்க் கொடுத்தார்கள். தினமும் போன் செய்து ‘காய்ச்சல் இருக்கா’ என்று கேட்பவரே ‘அரிசி வந்து சேர்ந்துச்சா’ என்றும் கேட்டால், உண்மையைச் சொல்லத் தோன்றும்.

யாருக்கு வரவில்லை என்பதும் தகவல்தான்

நிபாவின் பிறப்பிடக் கதை இதற்கு நல்ல உதாரணம். 1998-ல் மலேசியாவில், ஈப்போ பக்கத்துப் பன்றிப் பண்ணைகளில் வேலை செய்தவர்களுக்கு மூளைக்காய்ச்சல் வந்தது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்று நினைத்துக் கொசுப்புகை அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள். நோய் நிற்கவில்லை. அங்கிருந்து விற்கப்பட்ட பன்றிகளோடு தெற்கே நெகிரி செம்பிலான் வரை இறங்கியது.

கொசு இனம் பார்த்தோ மதம் பார்த்தோ கடிக்காது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்றால் குழந்தைகளைத்தான் அதிகம் தாக்கியிருக்க வேண்டும். இங்கே படுத்தவர்களோ வளர்ந்த ஆண்கள், பெரும்பாலும் பன்றி வளர்க்கும் சீனர்கள். அதே ஊரில், அதே கொசுக்கடியில் வாழ்ந்த, பன்றியை நெருங்காத மலாய் முஸ்லிம்களுக்கு வரவில்லை. அந்த ‘வரவில்லை’தான் துப்பு. 1999 மார்ச்சில் மலாயா பல்கலைக்கழகத்தில் டாக்டர் சுவா கா பிங் புதிய வைரஸைப் பிரித்தெடுத்தார். சுங்கை நிபா என்ற கிராமத்தின் பெயர் அதற்கு வந்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பன்றிகளைக் கொன்ற பிறகுதான் நோய் அடங்கியது. மலேசியாவில் 265 பேருக்கு வந்து 105 பேர் இறந்திருந்தார்கள். வைரஸின் சொந்த வீடு பழந்தின்னி வௌவால்கள் என்பது பிறகு தெரிந்தது.

கேரளத்தின் முதல் நோயாளிக்கு எந்த வழியில் வந்தது என்பது கடைசிவரை உறுதியாகவில்லை. வீட்டுக் கிணற்றிலிருந்து பிடித்துச் சோதித்த வௌவால்களில் கிருமி இல்லை, அவை பூச்சி தின்பவை. பிறகு அந்தப் பகுதியில் பிடித்த பழந்தின்னி வௌவால்களில் நிபா இருந்தது. எந்தப் பழம், எந்த நாள் என்பதைச் சொல்ல அவர் உயிரோடு இல்லை. பின்னோக்கிய தேடல் இப்படிப் பாதியில் முட்டி நிற்பது சகஜம். முன்னோக்கிய தேடல் ஒழுங்காக நடந்தால் சங்கிலியை அறுத்துவிடலாம்.

வேப்பிலையும் பரிசுப் பணமும்

தொடர்பு தேடுவது புதுக் கண்டுபிடிப்பு என்று நினைக்க வேண்டாம். அம்மை போட்ட வீட்டு வாசலில் வேப்பிலை செருகுவோமே, அதைப் பார்த்தால் வெளியாள் உள்ளே வரமாட்டார், அந்த வீட்டாரும் மற்றவர் வீட்டு விசேஷத்துக்குப் போகமாட்டார்கள். ஆத்தா வந்திருக்கிறாள் என்ற பேச்சில் நோயாளிக்கு அவமானம் இல்லை, மரியாதை இருந்தது. தகரத்துக்கும் வேப்பிலைக்கும் உள்ள வித்தியாசம் அதுதான் என்று எனக்குப் படுகிறது. அந்த நம்பிக்கையால் சிலர் சிகிச்சைக்கும் ஊசிக்கும் போகாமல் இருந்ததும் உண்மை, அதையும் சொல்லிவிட வேண்டும்.

பெரியம்மையை ஒழித்த கடைசிக் கட்டமும் தொடர்பு தேடித்தான் நடந்தது. ஊர் முழுக்க ஊசி போடுவதை மட்டும் நம்பாமல், நோயாளியைக் கண்டுபிடித்து, அவரைச் சுற்றி இருப்பவர்களுக்கு வளையம் போட்டது போல ஊசி போட்டார்கள். இந்தியாவில் அம்மை போட்ட குழந்தையின் படம் அச்சிட்ட அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு வீடு வீடாகப் போய், ‘இப்படி யாராவது இருக்காங்களா’ என்று கேட்டார்கள். தகவல் சொன்னவருக்குப் பரிசுப் பணம் உண்டு. 1975 மே மாதத்தோடு இந்தியாவில் பெரியம்மை முடிந்தது.

அப்புறம் கொரோனாவில் ஏன் கை நழுவிப்போனது? பெரியம்மையும் நிபாவும் பெரும்பாலும் நோயாளி படுத்த பிறகே மற்றவருக்குப் போகும். படுத்தவரைக் கண்டுபிடிக்கலாம். கொரோனா, இருமல் வருவதற்கு இரண்டு நாள் முன்பே தொற்றத் தொடங்கிவிடும். சிலருக்கு அறிகுறியே வராது. நீங்கள் பட்டியல் எழுதி முடிப்பதற்குள் பட்டியலில் உள்ளவர் இன்னும் நான்கு பேருக்குக் கொடுத்திருப்பார். தினம் பத்து நோயாளி என்றால் தேடலாம், ஆயிரக்கணக்கில் என்றால் தேடுகிறவர்களே தொலைந்துபோவார்கள். அப்போது ஊரையே மூடுவதைத் தவிர வழி தெரியவில்லை. ஊரடங்கு என்பது யார் பட்டியலில் இருக்க வேண்டும் என்று தெரியாமல் எல்லோரையும் பட்டியலில் போடுவது.

கோழிக்கோட்டில் ஜூன் தொடக்கத்துக்குப் பிறகு புதிதாக யாருக்கும் வரவில்லை. ஆய்வகத்தில் உறுதியான 18 பேரோடு, சோதிக்க முடியாமல் போன முதலாமவரையும் சேர்த்தால் 19. இறந்தவர்கள் 17. பிழைத்த இரண்டு பேரில் ஒருவர் செவிலியர் படிப்பு மாணவி. 2021-லும் 2023-லும் நிபா அதே மாவட்டத்துக்குத் திரும்பி வந்தது. 2023-ல் ஆறு பேருக்கு வந்து இரண்டு பேர் இறந்தார்கள், கடைசி நோயாளி கண்டறியப்பட்ட பிறகு 42 நாள் காத்திருந்துதான் முடிந்தது என்றார்கள். 21-இன் இரு மடங்கு. ஒரு தலைமுறை கண்ணுக்குத் தப்பியிருந்தாலும் அடுத்தது அதற்குள் வெளியே தெரிந்துவிடும் என்பது கணக்கு.

உங்களுக்கும் ஒருநாள் இப்படி ஒரு போன் வரலாம். கடந்த பதினான்கு நாளில் எங்கெங்கே போனீர்கள் என்று கேட்பார்கள். போன செவ்வாய்க்கிழமை மதியம் என்ன செய்தோம் என்பதே பலருக்கு நினைவிருக்காது, அதற்காகப் பதற வேண்டாம். ஜிபே கணக்கைத் திறந்தால் எந்தக் கடையில் எத்தனை மணிக்குப் பணம் கொடுத்தீர்கள் என்று இருக்கும். போனில் எடுத்த படங்களில் தேதி இருக்கும். பேருந்துச் சீட்டு சட்டைப் பையில் கசங்கிக் கிடக்கும். வீட்டில் இருப்பவர்களிடமும் ஒருமுறை கேளுங்கள். நீங்கள் மறந்துபோன அந்தத் துக்க வீட்டையும், அங்கே பக்கத்தில் உட்கார்ந்து இருமிக்கொண்டிருந்தவரையும் அவர்கள் மறந்திருக்க மாட்டார்கள்.